சுரையா: கார்த்திகை மீனின் அரபுப் பெயர்

முஸ்லிம் குழந்தைகளுக்கான பெயர்கள் என்று விற்கிற சிறு புத்தகங்களில் 'சுரையா' என்ற பெயருக்கு எதிரே பெரும்பாலும் ஒரே சொல்தான் இருக்கும்: நட்சத்திரம். தப்பென்று சொல்ல முடியாது. ஆனால் காவேரி என்ற பெயருக்கு எதிரே 'தண்ணீர்' என்று எழுதி வைத்தால் எப்படி இருக்கும், அப்படித்தான் இதுவும். அரபியில் நட்சத்திரத்துக்கு 'நஜ்ம்', 'கவ்கப்' என்று பொதுச்சொற்கள் தனியாக உண்டு. நஜ்மா என்ற பெண் பெயர் அங்கிருந்து வருவது. சுரையா அப்படிப் பொதுச்சொல் கிடையாது. வானத்தில் விரல் நீட்டி இதுதான் என்று காட்டக்கூடிய ஒரு மீன்கூட்டத்தின் சொந்தப் பெயர் அது. நமக்கும் அந்தக் கூட்டம் நன்றாகவே தெரியும். நாம் அதைக் கார்த்திகை என்கிறோம்.

முதலில் உச்சரிப்பை முடித்துவிடலாம், ஏனென்றால் இந்தப் பெயரை எழுதுவதில்தான் நம்மிடம் இத்தனை குழப்பம். அரபியில் இதன் முதல் எழுத்து 'த'வுக்கும் 'ஸ'வுக்கும் நடுவே நிற்கிற ஒலி. நாக்கு நுனியைப் பல்லிடுக்கில் வைத்துக் காற்றை மட்டும் விட வேண்டும். பாரசீகர்களுக்கும் உருது பேசுகிறவர்களுக்கும் அது வராது. அவர்கள் நேராக 'ஸ' என்று சொல்லிவிடுவார்கள். பழைய தமிழ் முஸ்லிம்கள் அதே ஒலியைத் 'த' ஆக்கினார்கள். உதுமான் என்ற பெயரில் இருப்பது இந்த எழுத்துதான். பிற்பாடு உருதுவின் செல்வாக்கில் அதே பெயர் உஸ்மான் ஆனது. ஹதீஸ் என்ற சொல்லில் கடைசி எழுத்தும் இதே கதைதான். உதுமான் வழியைப் பிடித்துப் போயிருந்தால் இந்தப் பெண் பெயர் தமிழில் 'துரையா' என்று ஆகியிருக்கும். யாரோ ஜமீன்தாரைக் கூப்பிடுகிற மாதிரி இருந்திருக்கும் என்பதால் சுரையா என்று நின்றது நல்லதுக்குத்தான். சுரைக்காய் என்று பள்ளிக்கூடத்தில் கேலி செய்வார்கள், அது வேறு விஷயம். இரானில் இதைச் சொரய்யா என்பார்கள், துருக்கியில் சுரெய்யா, ஸ்பெயினில் சொராயா. துருக்கியில் ஆண்களுக்கும் இந்தப் பெயர் உண்டு.

சரி, பொருள். அரபியில் ஒரு சொல்லைப் பிடித்து உலுக்கினால் மூன்று மெய்யெழுத்துகள் விழும். இதில் விழுவது ஸ-ர-வ. இந்த வேரிலிருந்து வருகிற 'ஸர்வத்' என்றால் செல்வம். இன்றைக்கும் அரபு நாளிதழ்களில் பெட்ரோல் வளம், கடல்மீன் வளம் என்று எழுதும்போது இந்தச் சொல்தான் வரும். வளம் நிறைந்த பெண் 'ஸர்வா'. அதைச் செல்லமாகச் சுருக்கினால் சுரையா. அரபியில் ஒரு சொல்லைச் சின்னதாக்க ஒரு வார்ப்பு இருக்கிறது: முதல் எழுத்துக்கு உகரம், நடுவில் ஓர் ஐகாரம். ஹசன் என்பது ஹுசைன் ஆவது அப்படி. அப்து, உபைது ஆவதும் அப்படி. நாம் 'சின்ன' என்றோ 'குட்டி' என்றோ முன்னால் ஒரு சொல் சேர்ப்பதை அவர்கள் சொல்லுக்குள்ளேயே செய்துவிடுகிறார்கள். ஆக, சுரையாவைத் தமிழில் சொல்லச் சொன்னால் நான் 'சின்னச் செல்வி' என்பேன்.

செல்வம் என்றால் நிறைய. அப்புறம் ஏன் சின்ன? பழைய அகராதிக்காரர்கள் இதற்கு இரண்டு காரணம் சொல்வார்கள். ஒன்று, இத்தனை மீன்கள் இத்தனை குறுகிய இடத்தில் நெருக்கியடித்துக்கொண்டு இருப்பதால். நிறையவும் உண்டு, சின்னதும்தான். இரண்டாவது காரணம் மழை. அந்த இரண்டாவது காரணத்தில்தான் இந்தப் பெயரின் உயிர் இருக்கிறது என்று எனக்குப் படுகிறது. அதற்கு வருவதற்கு முன் ஒரு சின்ன விலகல்: ஏறத்தாழ இதே எழுத்துகளில் 'ஸரா' என்று இன்னொரு சொல் இருக்கிறது. ஈர மண் என்று பொருள். குர்ஆனில் 'தாஹா' அத்தியாயத்தில், வானங்களில் உள்ளதும் பூமியில் உள்ளதும் 'ஸராவுக்குக் கீழே உள்ளதும்' இறைவனுக்கே என்று வருகிறது. இரண்டையும் சேர்த்து அரபிகள் ஒரு பழமொழி கட்டினார்கள்: 'ஸரா எங்கே, சுரையா எங்கே?' நாம் மலைக்கும் மடுவுக்கும் என்போமே, அந்த இடத்தில் வருகிற பேச்சு. எட்டாத உயரத்துக்குச் சுரையா ஓர் அளவுகோல் ஆகிவிட்டது. சல்மான் என்ற பாரசீகத் தோழர்மீது கை வைத்து, 'ஈமான் (இறைநம்பிக்கை) சுரையாவில் இருந்தாலும் இவர்களில் சிலர் அதை எட்டிப் பிடித்துவிடுவார்கள்' என்று நபிகள் நாயகம் சொன்னதாகப் புகாரி, முஸ்லிம் என்ற இரண்டு நபிமொழித் தொகுப்புகளிலும் ஒரு ஹதீஸ் இருக்கிறது.

பாலைவனத்து அரபிக்கு இந்தக் கூட்டம் எவ்வளவு முக்கியம் என்பதற்கு ஒரு சாட்சி போதும். 'அந்நஜ்ம்', அதாவது 'அந்த நட்சத்திரம்' என்று அடைமொழி எதுவும் இல்லாமல் சொன்னால் அது சுரையாதான். நம் ஊரில் 'பெரிய கோயில்' என்றால் தஞ்சாவூர் என்று புரிந்துகொள்வதைப் போல. குர்ஆனின் 53ஆம் அத்தியாயம் 'விழுகிற நஜ்மின் மீது சத்தியமாக' என்று தொடங்குகிறது. அது விடியற்காலையில் மேற்கே சாய்கிற சுரையாதான் என்பது முஜாஹித் போன்ற ஆரம்பகால உரையாசிரியர்கள் சொன்ன விளக்கங்களில் ஒன்று.

ஏன் இந்த மரியாதை? இதைவிடப் பளிச்சென்று ஒளிர்கிற மீன்கள் எத்தனையோ உண்டு. சுரையா உண்மையில் மங்கலான கூட்டம்தான், நகரத்து வெளிச்சத்தில் சிரமப்பட்டுத் தேட வேண்டியிருக்கும். அதன் மதிப்பு வெளிச்சத்தால் வந்ததில்லை. அது காலம் காட்டியது. கிழக்கில் அது எந்த வேளையில் எழுகிறது என்று பார்த்தால் ஆண்டின் எந்தப் பகுதியில் இருக்கிறோம் என்று தெரிந்துவிடும். இதற்காக மேய்ப்பர்கள் மனப்பாடமாக வைத்திருந்த இரண்டு வரிகள் அரபு நூல்களில் பதிவாகி இருக்கின்றன. 'நஜ்ம் எழுந்தது இஷாவில், மேய்ப்பன் தேடினான் கிஸாவை.' இரவு தொடங்கும்போது சுரையா எழுந்தால் மேய்ப்பன் கம்பளி தேடுவான் என்று அர்த்தம், குளிர் வந்துவிட்டது. அடுத்தது, 'நஜ்ம் எழுந்தது குதய்யாவில், மேய்ப்பன் தேடினான் ஷுகய்யாவை.' விடியலில் எழுந்தால் தோலால் செய்த தண்ணீர்ப் பையைத் தேடுவான், கோடை வந்துவிட்டது. குதய்யா, ஷுகய்யா இரண்டும் சுரையாவைப் போலவே சின்னதாக்கிய சொற்கள். குட்டி விடியல், குட்டித் தண்ணீர்ப் பை. பஞ்சாங்கம் எழுத ஆள் இல்லாத இடத்தில் எதுகைதான் பஞ்சாங்கம்.

இந்த இரண்டுக்கும் நடுவே சுமார் 40 நாள் சுரையா கண்ணிலேயே படாது. சூரியன் அந்தப் பக்கம் வந்துவிடுவதால் வெளிச்சத்தில் கரைந்துபோகும். இன்றைய கணக்கில் ஏப்ரல் கடைசியில் மறைந்து ஜூன் முதல் வாரத்தில் விடியற்காலையில் திரும்பத் தலை காட்டுகிறது. வளைகுடா நாடுகளில் இன்றும் மூத்தவர்கள் இந்த நாட்களை எண்ணுவார்கள். பழைய நம்பிக்கைப்படி அது நோய் பரவும் காலம். மரத்திலிருக்கும் பழத்துக்கும் கேடு வரும் காலம். சுரையா திரும்ப எழுந்தால் கேடு நீங்கும். இது வெறும் நம்பிக்கையாக நிற்கவில்லை, வியாபாரத்துக்குள்ளும் வந்தது. மதீனாவில் ஸைத் இப்னு ஸாபித் என்ற நபித்தோழர், சுரையா எழுந்து, காயில் மஞ்சள் எது சிவப்பு எது என்று தெரியும்வரை தன் நிலத்துப் பழங்களை விற்க மாட்டாராம். இதைச் சொன்னது அவர் மகன். பதிவாகி இருப்பது புகாரியில். பழுக்குமா அழுகுமா என்று தெரியாத பழத்தை மரத்தோடு விலை பேசி, அப்புறம் வாங்கினவனும் விற்றவனும் சண்டை போட்டுக்கொண்டு வந்து நிற்பது அந்த ஊரில் வழக்கமாக இருந்தது. பேரீச்சை பழுக்கிற கணக்கும் மீனின் கணக்கும் ஒத்துப்போனதால் சுரையா ஒரு நடுவர் மாதிரி நின்றது.

இப்போது மழை. ஒரு மீன்கூட்டம் விடியலில் மேற்கே மறைவதையும், அந்த நாட்களில் பெய்கிற மழையையும் சேர்த்து அரபிகள் 'நவ்' என்றார்கள். சுரையாவின் நவ் நவம்பரில் வரும். வறண்ட மண்ணில் முதல் புல்லை எழுப்புகிற மழைக்காலத்தின் நட்ட நடுவில். அந்த மழை பெய்தால் ஒட்டகத்துக்கு மேய்ச்சல் உண்டு, மேய்ச்சல் இருந்தால் பால் உண்டு, பால் இருந்தால் எல்லாம் உண்டு. 'வளமானவள்' என்ற பெயர் மீனுக்கு ஏன் பொருந்தியது என்பது இங்கே விளங்கும். வடகிழக்குப் பருவமழையை நம்பி நாற்று நடுகிற நமக்கு இதைப் பெரிதாக விளக்க வேண்டியதில்லை. 'கார்த்திகைக்குப் பின் மழையும் இல்லை, கர்ணனுக்குப் பின் கொடையும் இல்லை' என்று நம் பழமொழி, மழையையும் கொடையையும் ஒரே மூச்சில் சொல்கிறது.

இந்த இடத்தில் இஸ்லாம் ஒரு கோடு கிழித்தது. 628இல் ஹுதைபியா என்ற இடத்தில் இரவு மழை பெய்தது. விடிந்ததும் நபிகள் நாயகம் தோழர்களிடம் சொன்னது: 'அல்லாஹ்வின் கருணையால் மழை பெய்தது என்றவர் அவனை நம்பியவர், இன்ன மீனால் பெய்தது என்றவர் மீனை நம்பியவர்.' மீனைப் பார்த்து மாதத்தை அறியலாம், மீன்தான் மழை தருகிறது என்று நினைக்கக் கூடாது என்று அறிஞர்கள் இதை விளக்கினார்கள். அப்படியென்றால் சுரையா என்று பெயர் வைக்கலாமா என்று சிலர் தயங்குவது உண்டு. தயங்க இடமில்லை என்பதற்குச் சரித்திரமே பதில் சொல்கிறது. இஸ்லாத்தின் முதல் நூற்றாண்டிலேயே மக்காவின் குறைஷிக் குடும்பத்தில், அதுவும் உமய்யா கிளையில், சுரையா என்று ஒரு பெண் இருந்தார். அவரைப் பற்றிப் பிறகு வருகிறேன். குர்ஆனில் இந்தப் பெயர் நேரடியாக இல்லை, நபியின் மனைவி மகள் யாருக்கும் இது பெயராக இருந்ததில்லை. ஃபாத்திமா, ஆயிஷா, ஸைனப் வரிசையில் வருகிற பெயர் இல்லை இது. அதைவிடப் பழைய, பாலைவனத்துப் பெயர்.

மேய்ப்பர்களிடம் இன்னொரு கணக்கும் இருந்தது. இதைப் படித்தபோது எனக்குத் திருவண்ணாமலைதான் நினைவுக்கு வந்தது. மாதத்துக்கு ஒரு முறை நிலா சுரையாவின் பக்கத்தில் வந்து நிற்கும். இதை 'கிரான்' என்றார்கள், சேர்க்கை என்று அர்த்தம். ஆனால் நிலா மீன்களைச் சுற்றி வர 27 நாள் சொச்சம், பிறையிலிருந்து பிறைக்கு 29 நாள் சொச்சம். அதனால் ஒவ்வொரு மாதமும் இந்தச் சேர்க்கை பிறைக்கணக்கில் இரண்டு நாள் முன்னால் நகர்ந்துவிடும். பிறை 11இல் நடந்தது அடுத்த மாதம் 9இல், அப்புறம் 7, 5, 3, 1. ஒவ்வொன்றுக்கும் ஓர் எதுகை வரி. 'கிரான் தாஸிஃ, பர்த் லாஸிஃ': ஒன்பதாம் பிறைச் சேர்க்கை என்றால் கொட்டுகிற குளிர். ஐந்தாம் பிறையில் சேர்ந்தால் புல் மூடிய வசந்தம். முதல் பிறையோடு சேர்ந்தால் கிணற்றடியில் கூட்டம், கோடை வாசலில் நிற்கிறது.

இந்த எண்ணிக்கையைப் பின்னோக்கி ஓட்டிப் பாருங்கள். 11க்கு முன்னால் 13, அதற்கும் முன்னால் 15. பதினைந்தாம் பிறை என்றால் பௌர்ணமி. பௌர்ணமி நிலா சுரையாவோடு சேர்கிற இரவு எது? கார்த்திகை தீபம். 'மதி நிறைந்து அறுமீன் சேரும்' நள்ளிரவில் தெருவெல்லாம் விளக்கு வைத்து மாலை தொங்கவிட்டதை அகநானூற்றில் நக்கீரர் பாடி வைத்திருக்கிறார். அவர் சொல்வது அச்சாக ஒரு கிரான். அரபு மேய்ப்பனும் நம்மூர்க்காரனும் ஒருவரிடமிருந்து ஒருவர் கற்றார்கள் என்று இதை வைத்து நான் சொல்ல மாட்டேன். அண்ணாந்து பார்த்த இருவர் கண்ணிலும் ஒரே காட்சி பட்டது, அவ்வளவுதான். ஆனால் நிலா தங்கும் வீடுகளின் பட்டியலில் ஒற்றுமை இன்னும் நெருக்கம். இந்தியக் கணக்கில் அசுவினி, பரணி, கார்த்திகை, ரோகிணி. அரபுக் கணக்கில் ஷரதான், புதைன், சுரையா, தபரான். சுரையாவுக்கு இரண்டிலும் மூன்றாம் இடம். நம் பட்டியலில் வீடுகள் 27, அவர்களுடையதில் 28.

இதுவரை சொன்னது கணக்கு. ஆனால் வெறும் கணக்குக்காக யாரும் மகளுக்குப் பெயர் வைப்பதில்லை. அரபிகள் சுரையாவைப் பெண்ணாகவே பார்த்தார்கள், அதுவும் வானத்தில் பாதியை அடைத்துக்கொண்டு கைகளை நீட்டியிருக்கிற ஒரு பெண்ணாக. ஒரு கை வடக்கே நீள்கிறது. அதில் தோள், முழங்கை, மணிக்கட்டு எல்லாம் தனித்தனி மீன்கள். கடைசியில் 'மருதாணி இட்ட கை' என்று ஒரு கூட்டம். இன்னொரு கை தெற்கே கொஞ்ச தூரம் போய் நின்றுவிடும், அதற்கு 'வெட்டுண்ட கை' என்று பெயர். 964இல் அப்துர் ரஹ்மான் அஸ்ஸூஃபி எழுதிய மீன்கள் பற்றிய நூலில் இதெல்லாம் விவரமாக இருக்கிறது. வேடிக்கை என்னவென்றால், இன்று உலகம் முழுக்க வானியலாளர்கள் பயன்படுத்தும் பெயர்களில் இந்த உடம்பு துண்டு துண்டாகக் கிடக்கிறது. பெர்சியஸ் மண்டலத்தில் 'அதிக்' என்றால் தோள், 'மிர்ஃபாக்' முழங்கை, 'மிசாம்' மணிக்கட்டு. பக்கத்தில் காசியோப்பியாவில் 'காஃப்', உள்ளங்கை. யாருடைய முழங்கை என்று கேட்டால் கிரேக்கக் கதை தெரிந்தவர் வீரன் பெர்சியஸுடையது என்பார். அவனுக்கு முன்னால் அரபி சொன்ன கதையில் அது சுரையாவின் முழங்கை.

பெண் என்றால் பெண் பார்க்க வராமல் இருப்பார்களா? ரோகிணி மீனை அரபியில் அத்தபரான் என்பார்கள், பின்னால் வருகிறவன் என்று பொருள். அவன் சுரையாவைக் கேட்டு நிலாவைத் தூது அனுப்பினானாம். 'ஒன்றுமில்லாத அந்தப் பரதேசியை வைத்துக்கொண்டு நான் என்ன செய்ய?' என்று சுரையா கேட்டுவிட்டாள். பெயரே செல்வி, அவளிடம் போய் மஹர், அதாவது மணப்பெண்ணுக்கு மாப்பிள்ளை தரும் மணக்கொடை, கொடுக்க வக்கில்லாதவன் கேட்டால்? தபரான் சும்மா இருக்கவில்லை. தன்னிடம் இருந்த இளம் ஒட்டகங்களைத் திரட்டிக்கொண்டு, அவற்றை மஹராக முன்னால் ஓட்டியபடி, அன்றிலிருந்து இன்றுவரை அவள் பின்னாலேயே போய்க்கொண்டிருக்கிறான். ரோகிணிக்குப் பக்கத்தில் தெரிகிற சிறு மீன்கள் அந்த ஒட்டகங்கள். கொஞ்சம் வடக்கே பளிச்சென்று நிற்கிற 'அய்யூக்' குறுக்கே நின்று தடுக்கிறவன். வாக்குத் தவறாதவனுக்கு உவமை தபரான், கைவிட்டவளுக்கு உவமை சுரையா என்று பழமொழியும் உண்டு. எனக்கென்னவோ சுரையா பக்கம்தான் நியாயம் தெரிகிறது. வேண்டாம் என்று சொன்ன பிறகும் ஆயிரக்கணக்கான வருடமாகப் பின்னால் வருகிறவனை விசுவாசி என்று கொண்டாடுவதை இந்தக் காலத்துப் பெண்கள் ஒப்ப மாட்டார்கள்.

மண்ணில் இருந்த சுரையாவுக்கு வருவோம். மக்காவில் உமர் இப்னு அபீ ரபீஆ என்று ஒரு கவிஞர். ஏழாம் நூற்றாண்டின் பிற்பாதி அவர் காலம். குறைஷிக் குலத்துப் பணக்காரர். ஹஜ்ஜுக்கு வருகிற பெண்களைப் பார்த்துப் பாட்டுக் கட்டினார் என்று கெட்ட பேரும் நல்ல பேரும் சேர்த்து வாங்கியவர். அவர் அதிகம் பாடியது சுரையா என்ற குறைஷிப் பெண்ணை. அந்தப் பெண் கோடைக்கு மலையூரான தாயிஃபுக்குப் போய்விடுவார். இவர் தினமும் குதிரையேறி ஊருக்கு வெளியே போய், தாயிஃபிலிருந்து பழம் ஏற்றிக்கொண்டு வருகிறவர்களிடம் செய்தி கேட்பாராம். ஒரு நாள் ஒருவன் சொன்னான்: 'புறப்படும்போது ஒரு வீட்டில் அழுகுரல் கேட்டது. குறைஷிப் பெண் ஒருத்தியாம். வானத்து மீன் ஒன்றின் பெயர், மறந்துவிட்டது.' 'சுரையாவா?' 'ஆமாம், அதுதான்.' குதிரை வாயில் நுரை தள்ள மலையேறிப் போய்ப் பார்த்தால் சுரையா நலமாக நின்றுகொண்டு சிரிக்கிறார். சொல்லி அனுப்பியதே அவர்தான்; தன்மேல் எவ்வளவு பிரியம் என்று பார்க்க. பத்தாம் நூற்றாண்டில் அபுல் ஃபரஜ் தொகுத்த பாடல்களின் பெருநூலில் வருகிற கதை இது. அந்தப் பழக்காரன் பெயரை மறந்ததும் மீனை மறக்காததும் எனக்குப் பிடித்த இடம்.

கடைசியில் சுரையாவை மணந்தது வேறொருவர். அவர் பெயர் ஸுஹைல். இதைக் கேட்டதும் உமருக்குப் பாட்டுக்குப் பஞ்சமே இல்லாமல் போனது, ஏனென்றால் ஸுஹைலும் ஒரு மீன்! தெற்கு அடிவானத்தில் எழுகிற, நாம் அகத்தியர் மீன் என்கிற அந்த வெள்ளை மீன். 'சுரையாவை ஸுஹைலுக்குக் கட்டிவைக்கிறவனே, உனக்கு அல்லாஹ் ஆயுளைத் தரட்டும், இவர்கள் இரண்டு பேரும் எப்படித்தான் சந்திப்பார்கள்? அவள் எழும்போது ஷாம்காரி, அவன் எழும்பினால் யமன்காரன்.' ஷாம் என்றால் சிரியா, வடக்கு. யமன் தெற்கு. வானத்தில் அது வடபாதி, இது தென்கோடி. இரண்டு பேரின் பெயரை மட்டும் வைத்துக்கொண்டு ஒரு கல்யாணத்தைக் கேலி செய்வது என்றால் இப்படிச் செய்ய வேண்டும். இன்றும் அரபு மாணவர்கள் சிலேடைக்கு உதாரணமாக இந்த இரண்டு வரியைத்தான் படிக்கிறார்கள்.

பாட்டில் சுரையா அதற்கும் முந்தியது. இஸ்லாத்துக்கு முன்பே இம்ருல் கைஸ் என்ற அரபுக் கவிஞர், காவலர் கண்ணில் மண்ணைத் தூவிக் காதலியின் கூடாரத்துக்குப் போன இரவைச் சொல்லும்போது, சுரையா வானத்தில் பக்கவாட்டில் தெரிந்தது என்கிறார். மணிகளை இடைவிட்டுக் கோத்த ஒட்டியாணத்தின் மடிப்பு மாதிரி. அந்த உவமை பாரசீகத்துக்குப் போனபோது ஒட்டியாணம் கழுத்துக்கு ஏறி முத்துமாலை ஆனது. பாரசீகக் கவிஞர் ஹாபிஸ் ஒரு கஸல் பாட்டை முடிக்கும்போது, உன் பாட்டுக்கு வானம் சுரையாவின் மாலையையே வாரி இறைக்கும் என்று தனக்குத்தானே பாராட்டிக்கொள்கிறார்.

அரபியிலேயே சொல்லுக்கு இன்னொரு பொருளும் ஏறியது: கூரையிலிருந்து தொங்குகிற கொத்து விளக்கு. ஏன் என்று சொல்ல வேண்டியதில்லை. மொராக்கோவில் தாஸா என்ற ஊரின் பெரிய பள்ளிவாசலில் 1294இல் தொங்கவிட்ட வெண்கலச் சுரையா ஒன்று இருக்கிறது. 514 எண்ணெய் விளக்குகள் வைக்க இடம் உள்ளது. இன்றைக்கும் அரபு நாட்டில் விளக்குக் கடைக்குப் போய்ச் சுரையா வேண்டும் என்றால் மேலே கை காட்டுவார்கள்.

பெயரைச் சுமந்த அரசிகள் சிலர் உண்டு. அவர்களைப் பற்றித் தனித்தனியாக எழுதலாம், இங்கே சுருக்கமாக. ஸ்பெயினில் இருந்த முஸ்லிம் ராஜ்யமான கிரானடாவின் கடைசிக் காலத்துச் சுல்தான் அபுல் ஹசன் அலி, சிறைபிடித்துக் கொண்டுவந்த இசபெல் என்ற காஸ்டீல் நாட்டுப் பெண்ணை மணந்தார். அரண்மனையில் அவருக்கு வைத்த பெயர் சுரையா. ராஜ்யம் விழுந்தபின் அவர் பழைய பெயருக்கும் பழைய மதத்துக்கும் திரும்பினார். ஆப்கானிஸ்தானின் சுரையா தர்ஸி 1899இல் டமாஸ்கஸில் பிறந்தவர். மன்னர் அமானுல்லாவின் மனைவி. பெண் பிள்ளைகளுக்குப் பள்ளி திறப்பதில் முன்னால் நின்றவர். 1929இல் நாட்டை விட்டுப் போக வேண்டி வந்தது, 1968இல் ரோமில் இறந்தார். இரானின் சொரய்யா 1951இல் அந்நாட்டு மன்னரான ஷாவை மணந்தார். வாரிசு இல்லை என்ற காரணத்தில் 1958இல் மணமுறிவு. வளம் என்று பொருள் சொல்கிற பெயர் உள்ளவருக்கு இப்படி ஒரு காரணம். ஐரோப்பியப் பத்திரிகைகள் அவர் படத்தை விடாமல் போட்டதில் ஸ்பெயினிலும் தென்னமெரிக்காவிலும் கிறிஸ்தவக் குடும்பங்கள் மகளுக்குச் சொராயா என்று வைக்கத் தொடங்கின. நம் பக்கத்தில் இந்தப் பெயரைப் பரப்பியதில் 1940களின் இந்திப் படப் பாடகியும் நடிகையுமான சுரையாவுக்குப் பெரிய பங்கு இருக்கும் என்பது என் கணிப்பு.

பாரசீகத்தில் இந்த மீன்கூட்டத்துக்கு அரபு வருவதற்கு முன்பே வேறு பெயர் இருந்தது: பர்வீன். நம் தெருக்களில் கேட்கிற அதே பர்வீன். ஒரு வீட்டில் அக்கா சுரையா, தங்கை பர்வீன் என்றால் இரண்டு பேருக்கும் ஒரே பெயர்தான். எதிர் வீட்டில் கார்த்திகா இருந்தால் மூன்று.

1997இல் அமீரகத்தில் தொடங்கிய சாட்டிலைட் போன் நிறுவனம் ஒன்றும் இந்தப் பெயரையே எடுத்துக்கொண்டது. வானத்திலிருந்து வழிகாட்டுவது என்ற பொருத்தம். அனுமதி இல்லாமல் அந்தப் போனை இந்தியாவுக்குள் கொண்டுவரக் கூடாது என்பதால் விமான நிலையத்தில் பிடிபட்ட செய்தி அவ்வப்போது வரும். சில செய்திகளில் அதைத் 'துரையா' என்றே எழுதுவார்கள். உதுமான் வழி இன்னும் அடைபடவில்லை.

இனி ஒன்று பாக்கி, எத்தனை மீன்கள் என்ற கேள்வி. நாம் ஆறு என்கிறோம். அறுமீன் என்றே பெயர். அரபிகளும் கண்ணுக்குத் தெளிவாகத் தெரிவது ஆறு என்பார்கள், ஆனால் மங்கலாக ஏழாவது ஒன்று உண்டு, அதைப் பார்க்க முடிகிறதா என்று பார்வையைச் சோதிப்பார்கள். தொலைநோக்கியில் பார்த்தால் ஆயிரத்துக்கு மேல்; சுமார் 440 ஒளியாண்டு தூரத்தில், ஒரே மேகத்தில் ஒன்றாகப் பிறந்து இன்னும் பிரியாமல் நகர்ந்துகொண்டிருக்கிற குடும்பம். அந்தப் பிரியாமை வெறும் கண்ணிலேயே பட்டிருக்கிறது. துணையைப் பறிகொடுத்த ஒருவர் பாடியதாக ஒரு பழைய அரபுப் பாட்டு இருக்கிறது. 'நண்பர்களே, சுரையாவைப் பார்த்தால் எனக்குப் பொறாமையாக இருக்கிறது. அவை ஏழு, ஏழையும் ஒன்றாக விட்டுவைத்திருக்கிறது காலம். எனக்கு இருந்தது ஒன்று.'